குற்ற வழக்கு நடக்கும்போது ஒருவர் இறந்துவிட்டால்: பதினாறாம் நாளுக்குள் பார்க்க வேண்டிய கோர்ட்டு வேலைகள்

"ஆளே போயிட்டாங்க, இனிமே கேஸ் ஏதுன்னு விட்டுட்டோம் சார்."

தஞ்சாவூர் மாவட்டம் பாபநாசம் பக்கத்துக் கிராமத்திலிருந்து என் வக்கீல் ஆபீஸுக்கு வந்திருந்த அம்மா சொன்னார். கணவர் இறந்து அன்றைக்கு நாற்பத்தோராவது நாள். வாய்க்கால் மடை திறப்பதில் வந்த தகராறில் மண்வெட்டியால் வெட்டியதாக வழக்கு. கீழ்க் கோர்ட்டில் மூன்று வருடம் சிறை, பத்தாயிரம் ரூபாய் அபராதம். மேல்முறையீடு போட்டு, தண்டனையை நிறுத்திவைத்து வெளியில் இருந்தார். அரசு வேலையில் சாலைப் பணியாளர். தண்டனை வந்ததால் வேலையும் போயிருந்தது. மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே மாரடைப்பு. கருமாதி முடிந்து, தலை நிமிர்ந்து பார்ப்பதற்குள் முப்பது நாள் ஓடிவிட்டது. அந்த முப்பது நாள்தான் இந்த விஷயத்தில் உயிர்நாடி என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. அவருடைய வழக்கு என்ன ஆனது என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

நம் பக்கத்தில் நிலத் தகராறு இல்லாத வீடு குறைவு. அதனால் சிவில் வழக்கு நடைமுறை எல்லோருக்கும் ஓரளவு தெரியும். வாதியோ பிரதிவாதியோ இறந்தால் தொண்ணூறு நாளுக்குள் எல்.ஆர். பெட்டிஷன் போட்டு வாரிசுகளைச் சேர்க்க வேண்டும் என்பது டீக்கடையிலேயே பேசப்படும் சங்கதி. குற்ற வழக்கு அப்படியில்லை. அப்பா செய்ததாகச் சொல்லும் குற்றத்துக்கு மகனைக் கூண்டில் ஏற்ற முடியாது. அதிலிருந்து ஜனங்கள் தாமாக ஒரு முடிவுக்கு வந்துவிடுகிறார்கள்: யார் செத்தாலும் கேஸ் முடிந்தது. பாதிதான் உண்மை. யார் இறந்தார், வழக்கில் அவர் யார், வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தது என்ற மூன்று கேள்விக்கும் விடை தெரிந்தால்தான் மீதிப் பாதி விளங்கும்.

முதல் படி: எந்த வழக்கு, யாருடைய வழக்கு

வீட்டில் இரும்புப் பெட்டியிலோ அரிசி டின்னுக்குப் பின்னாலோ கோர்ட்டுக் காகிதக் கட்டு ஒன்று இருக்கும். அதை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் பக்கத்தில் உள்ள எண்தான் முக்கியம். சி.சி. என்றிருந்தால் மாஜிஸ்திரேட் கோர்ட்டு வழக்கு. எஸ்.சி. என்றிருந்தால் செஷன்ஸ் வழக்கு. பி.ஆர்.சி. என்றால் செஷன்ஸுக்கு அனுப்பப்படக் காத்திருப்பது. செக் வழக்குகள் பெரும்பாலும் எஸ்.டி.சி. என்று எண்ணிடப்பட்டிருக்கும். காகிதமே இல்லையென்றாலும் கவலையில்லை. ஈ-கோர்ட்ஸ் இணையதளத்தில் பெயரையோ எஃப்.ஐ.ஆர். எண்ணையோ போட்டுத் தேடினால் பதினாறு எழுத்து-எண் கொண்ட சி.என்.ஆர். எண்ணும் அடுத்த வாய்தா தேதியும் கிடைக்கும்.

அடுத்து, இது போலீஸ் போட்ட வழக்கா, தனியார் நேராகக் கோர்ட்டில் போட்ட புகார் வழக்கா என்று பாருங்கள். போலீஸ் வழக்கில் வழக்கை நடத்துவது அரசு. புகார் கொடுத்தவர் வெறும் சாட்சி. தனியார் புகாரில் (செக் வழக்கு, அவதூறு வழக்கு போன்றவை) புகார்தாரர்தான் வண்டிக்காரர். அவர் இறந்தால் வண்டி நின்றுவிடும் அபாயம் உண்டு.

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது, பேச்சில் பி.என்.எஸ்.எஸ். அதற்கு முன்பே நிலுவையில் இருந்த வழக்குகளுக்குப் பழைய சட்டம்தான். சரக்கு பெரும்பாலும் ஒன்றே. பிரிவு எண்தான் மாறியிருக்கிறது. கீழே இரண்டு எண்ணையும் தருகிறேன்.

இரண்டாம் படி: இறப்புச் சான்று

எல்லாவற்றுக்கும் அடிப்படை இதுதான். இறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். கிராமமானால் வி.ஏ.ஓ.விடம், நகரமானால் நகராட்சி அல்லது மாநகராட்சியில். ஒன்றைக் கவனியுங்கள்: இறந்த இடத்தில்தான் பதிவாகும், வசித்த ஊரில் அல்ல. வலங்கைமான்காரர் தஞ்சாவூர் மெடிக்கலில் இறந்தால் சான்று தஞ்சாவூரில்தான். இது தெரியாமல் சொந்த ஊர் வி.ஏ.ஓ. ஆபீஸுக்கு நடையாய் நடப்பவர்களை வருடா வருடம் பார்க்கிறேன். ஓராண்டு தாண்டிவிட்டால் கோட்டாட்சியர் ஆணை வரைக்கும் போக வேண்டிவரும்.

பெயர்ப் பொருத்தம்தான் அடுத்த தலைவலி. குற்றப்பத்திரிகையில் "குஞ்சு என்கிற கோவிந்தராஜ், த/பெ ராமசாமி" என்றிருக்கும். ஆதாரில் "கோவிந்தராசு". இறப்புச் சான்றில் "ஆர். கோவிந்தராஜன்". அரசு வக்கீல் எழுந்து "இவர் அவர்தானா?" என்று கேட்டால் இன்னும் இரண்டு வாய்தா. ஆகவே பதியும்போதே குற்றப்பத்திரிகை நகலைக் கையில் வைத்துக்கொண்டு, தகப்பன் பெயரும் ஊரும் ஒத்துப்போகும்படி எழுதச் சொல்லுங்கள். வழக்கமாக அழைக்கும் பெயர் வேறாக இருந்தால், இருவரும் ஒருவரே என்று வி.ஏ.ஓ.விடம் ஒரு சான்று வாங்கிவையுங்கள்.

வாரிசுச் சான்று தாசில்தார் கொடுப்பது. இ-சேவை மையம் வழியாக விண்ணப்பிக்கலாம். அது வர நாளாகும். முப்பது நாள் கெடு உள்ள மனுக்களுக்கு அதற்காகக் காத்திருக்காதீர்கள். ரேஷன் கார்டு, ஆதார் நகல்களை வைத்து மனுவைப் போட்டுவிட்டு, வாரிசுச் சான்றைப் பிறகு தாக்கல் செய்யலாம்.

மூன்றாம் படி: தீர்ப்புக்கு முன்பே குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால்

இது எளிது. விசாரணைக் கட்டத்தில் இறந்தால் போலீஸ் இறுதி அறிக்கையில் அவர் பெயருக்கு எதிரே அதைக் குறித்துவிடும். குற்றப்பத்திரிகைக்குப் பிறகு இறந்தால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். கோர்ட்டுப் பேச்சில் "அபேட் ஆகிவிட்டது" என்பார்கள். தானாக நடக்காது, யாராவது கோர்ட்டுக்குச் சொல்ல வேண்டும். அவருடைய வக்கீல் மூலமாக மெமோவும் இறப்புச் சான்றும் தாக்கல் செய்யுங்கள். நீதிபதி சம்பந்தப்பட்ட ஸ்டேஷனிலிருந்து அறிக்கை கேட்பார். அது வந்ததும் உத்தரவு.

சொல்லாமல் விட்டால்? ஆஜராகவில்லை என்று பிடிவாரண்ட் பிறக்கும். நள்ளிரவில் ஜீப் வந்து வீட்டு வாசலில் நிற்கும். ஜாமீன் கையெழுத்துப் போட்ட பக்கத்து வயல்காரருக்கு நோட்டீஸ் போகும். திவசத்துக்குப் பந்தல் போட்டிருக்கும்போது போலீஸ் வந்து, மாலை போட்ட போட்டோவைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போன கதையை ஒரு கட்சிக்காரர் சிரித்துக்கொண்டே சொன்னார். அவர் வீட்டில் அன்று யாரும் சிரிக்கவில்லை.

குற்றம் சாட்டப்பட்ட மற்றவர்கள் மீதான வழக்கு அப்படியே நடக்கும். அண்ணன் தம்பி மூன்று பேர் மீது வழக்கு, ஏ1 அண்ணன் இறந்துவிட்டார், "வெட்டினது அவன்தான், நாங்க சும்மா நின்னோம்" என்று ஏ2-வும் ஏ3-யும் இறந்தவர் தலையில் போடுவது வாடிக்கை. அதனால் தப்ப முடியும் என்று எண்ண வேண்டாம். பொது எண்ணத்தோடு சேர்ந்து செய்தார்கள் என்று நிரூபணமானால் (பழைய இ.பி.கோ. 34, இப்போது அதன் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதா, சுருக்கமாக பி.என்.எஸ்., 3(5)) அவர்கள் பங்குக்குத் தண்டனை உண்டு. ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்த சட்டவிரோதக் கூட்டம் என்ற வழக்கில் ஒருவர் இறந்து நான்கு பேர் மிஞ்சினாலும் அந்தக் குற்றச்சாட்டு விழாது. சம்பவத்தன்று எத்தனை பேர் என்பதுதான் கணக்கு.

சில பிள்ளைகள் கேட்பார்கள்: "எங்கப்பா தப்பு பண்ணலைன்னு கோர்ட்டு சொல்லணும் சார், கேஸை நடத்த முடியாதா?" முடியாது. தீர்ப்புக்கு முன் இறந்தவர் சட்டத்தின் கண்ணில் குற்றவாளி அல்ல, அவ்வளவுதான் கிடைக்கும். குற்றமற்றவர் என்று கையில் ஒரு தீர்ப்பு கிடைக்காது. எனக்கே சில சமயம் இது உறுத்தும்.

பறிமுதல் செய்த டிராக்டர், மாட்டு வண்டி, செல்போன் இவற்றை மறந்துவிடாதீர்கள். வாரிசுகள் தனி மனு போட்டுக் கேட்கலாம் (பி.என்.எஸ்.எஸ். 497, 503). ஸ்டேஷன் வாசலில் மழையில் நிற்கும் டிராக்டர் ஒவ்வொரு ஐப்பசிக்கும் கொஞ்சம் கொஞ்சமாக மண்ணாகிறது.

நான்காம் படி: தண்டனைக்குப் பிறகு, மேல்முறையீட்டில் இறந்தால்

முப்பது நாள் கெடு இங்கேதான் வருகிறது. பழைய சட்டத்தில் பிரிவு 394, புதியதில் 435.

சட்டம் மூன்று விதமாகப் பிரிக்கிறது. விடுதலையை எதிர்த்தோ, தண்டனை போதாது என்றோ அரசு போட்ட மேல்முறையீட்டில் குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால் அது அத்தோடு அற்றுப்போகும். தண்டனை பெற்றவர் தாமே போட்ட மேல்முறையீட்டில் அவர் இறந்தால் அதுவும் அற்றுப்போகும். ஆனால் சிறைத் தண்டனையையோ மரண தண்டனையையோ எதிர்த்ததாக இருந்தால், நெருங்கிய உறவினர் 30 நாளுக்குள் மனுப் போட்டு, கோர்ட்டு அனுமதியோடு தொடரலாம். மூன்றாவது, அபராதத்தை எதிர்த்த மேல்முறையீடு. அது ஆள் இறந்தாலும் அற்றுப்போகாது. காரணம், அபராதக் கடன் இறந்தவரின் சொத்தைத் துரத்தும், பி.என்.எஸ். 8(7) அதைத்தான் சொல்கிறது. சிறையும் அபராதமும் சேர்ந்து விதித்திருந்தாலும் அபராதத்தைப் பொறுத்தவரை மேல்முறையீடு உயிரோடு இருக்கும் என்று ரமேசன் வழக்கில் 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

நெருங்கிய உறவினர் யார் என்பதில் சட்டம் கறார்: தாய், தந்தை, கணவன் அல்லது மனைவி, மகன், மகள், பேரன் பேத்தி என்று நேர்வழிச் சந்ததி, உடன்பிறந்தவர். இதில் மைத்துனர் இல்லை. நம் ஊரில் கோர்ட்டுக்கும் ஸ்டேஷனுக்கும் அலைவது பெரும்பாலும் மைத்துனர்தான். வக்கீல் நம்பர் அவர் போனில்தான் இருக்கும். அவர் அலையட்டும், ஆனால் மனுவில் கையெழுத்து அக்காவுடையதாக இருக்க வேண்டும். மருமகன், சித்தப்பா, மாமனார் யார் போட்டாலும் மனு செல்லாது.

என்ன செய்ய வேண்டும்? எட்டாம் நாளோ பத்தாம் நாளோ ஒரு ஆள் வக்கீலைப் பார்த்துவிட்டு வரட்டும். பதினாறாம் நாள் காரியம் முடியட்டும் என்று காத்திருந்தால் மீதி பதினாலு நாள். அதில் சனி, ஞாயிறு, சான்று வரத் தாமதம் எல்லாம் உண்டு. மனுவில் சொல்ல வேண்டியவை: மேல்முறையீட்டு எண், இறந்த தேதி, மனுதாரருக்கும் அவருக்கும் உள்ள உறவு, தொடர விரும்பும் காரணம். கூடவே பிரமாணப் பத்திரம், இறப்புச் சான்று, உறவைக் காட்டும் ஏதாவது ஒன்று, புது வக்காலத்து. இறந்தவர் கொடுத்த வக்காலத்து அவரோடு போய்விட்டது.

கெடு தாண்டிவிட்டதென்றால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்துப் போடலாம். கிடைக்கும் என்று உறுதியாகச் சொல்ல எந்த வக்கீலுக்கும் வாய் வராது.

எங்கே போடுவது? மேல்முறையீடு மாவட்டத் தலைநகர் செஷன்ஸ் கோர்ட்டில் இருந்தால் அங்கேயே. உயர் நீதிமன்றத்தில் இருந்தால் நம் டெல்டாவில் ஒரு வேடிக்கை உண்டு. தஞ்சாவூர், திருச்சி மாவட்ட வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும். திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்ட வழக்குகள் சென்னைக்கு. கும்பகோணத்தில் நடந்தது மதுரைக்கு, அரை மணி நேரப் பயணத்தில் உள்ள குடவாசலில் நடந்தது சென்னைக்கு. காகிதக் கட்டைத் தூக்கிக்கொண்டு தவறான ஊருக்குப் பஸ் ஏறியவர்கள் உண்டு.

"செத்த மனுஷனுக்கு மேல்முறையீடு எதுக்கு, வக்கீல் பீஸ் தெண்டம்" என்று உறவுக்காரர்கள் சொல்வார்கள். சில வீடுகளில் அது சரி. ஆனால் அரசு ஊழியராக இருந்து தண்டனையால் வேலை போனவராக இருந்தால், தண்டனை ரத்தானால்தான் குடும்பம் துறையிடம் போய்ப் பணப்பலன்களைக் கேட்க முடியும். பெரிய அபராதமோ, பாதிக்கப்பட்டவருக்கு இழப்பீடோ விதித்திருந்தால் நிலம் மாட்டும். இவை எதுவும் இல்லாமல், ஊரில் தலைநிமிர்ந்து நடப்பதற்காக மட்டும் தொடரும் பிள்ளைகளும் உண்டு. அவர்களிடம் நான் பணக் கணக்குப் பேசுவதில்லை.

அரசு மேல்முறையீடு எப்படி அற்றுப்போகும் என்பதற்குத் தமிழ்நாட்டுக்கே தெரிந்த எடுத்துக்காட்டு ஜெயலலிதாவின் சொத்துக்குவிப்பு வழக்கு. 2014 செப்டம்பர் 27-ல் பெங்களூரு சிறப்பு நீதிமன்றம் நான்காண்டுச் சிறையும் 100 கோடி ரூபாய் அபராதமும் விதித்தபோது அவர் காவிரிக்கரை ஸ்ரீரங்கம் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர். 2015 மே 11-ல் கர்நாடக உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. கர்நாடக அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2016 ஜூனில் வாதம் முடிந்து தீர்ப்பு ஒத்திவைக்கப்பட்டது. டிசம்பர் 5-ல் அவர் இறந்தார். 2017 பிப்ரவரி 14-ல் தீர்ப்பு வந்தபோது மற்ற மூவருக்கும் கீழ்க் கோர்ட்டுத் தண்டனை உறுதியானது. அவரைப் பொறுத்தவரை மேல்முறையீடு அற்றுப்போனதாகச் சொல்லப்பட்டது. வாதமெல்லாம் முடிந்துவிட்டதே என்பது கணக்கில் வரவில்லை. நூறு கோடி அபராதத்தை அவருடைய சொத்திலிருந்து வசூலிக்க வேண்டும் என்று கர்நாடகம் கேட்ட மறுஆய்வு மனுவும் தள்ளுபடியானது. ஆனால் பறிமுதல் செய்த நகைகள் வாரிசுகளிடம் வரவில்லை. 2025-ல் தமிழ்நாடு அரசிடம் ஒப்படைக்கப்பட்டன. ஆள் மீதான வழக்கு வேறு, சொத்து மீதான நடவடிக்கை வேறு என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று வேண்டாம்.

சீராய்வு மனுவுக்கு (ரிவிஷன்) இந்த 394 பொருந்தாது. அங்கே தொடர்வதா வேண்டாமா என்பது கோர்ட்டின் விருப்புரிமை.

சிறையிலோ போலீஸ் காவலிலோ இறந்தால் கூடுதலாக ஒன்று: நீதித்துறை மாஜிஸ்திரேட் விசாரணை கட்டாயம் (பி.என்.எஸ்.எஸ். 196). அந்த விசாரணையில் குடும்பம் ஆஜராகி வாக்குமூலம் கொடுக்காமல் உடலை வாங்கிக்கொண்டு வந்துவிட வேண்டாம்.

ஐந்தாம் படி: அடிபட்டவர் இறந்தால்

இந்தப் பகுதியை அடிபட்டவர் வீட்டாரும், அடித்ததாகச் சொல்லப்படுபவர் வீட்டாரும் இரண்டு பேருமே படிக்க வேண்டும்.

வரப்பை வெட்டியதில் ஆரம்பித்த சண்டை. கடப்பாரையில் தலையில் அடி. தாலுகா ஆஸ்பத்திரியில் ஏ.ஆர். (காயத்தைக் குறிக்கும் விபத்துப் பதிவேடு) போட்டு, தஞ்சாவூர் மெடிக்கலுக்கு அனுப்புகிறார்கள். போலீஸ் கொடுங்காயம் என்று வழக்குப் போடுகிறது. பத்து நாள் கழித்து "இனி ஒன்றும் செய்வதற்கில்லை" என்று டாக்டர் சொன்னதும், உயிர் வீட்டில்தான் போக வேண்டும் என்று எழுதிக் கொடுத்துவிட்டு ஆம்புலன்ஸில் அழைத்து வருகிறார்கள். வழியிலோ மறுநாளோ உயிர் போகிறது. சங்கு ஊதி, பறை அடித்து, சாயங்காலத்துக்குள் ஆற்றங்கரைச் சுடுகாட்டில் எரித்தாகிவிடுகிறது.

வழக்கின் முதுகெலும்பும் அங்கேயே எரிந்துவிடுகிறது. பிரேதப் பரிசோதனை இல்லையென்றால் அடிக்கும் சாவுக்கும் உள்ள தொடர்பை யார் சொல்வது? சர்க்கரை நோயால் இறந்தார், ஏற்கனவே இருதயக் கோளாறு என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டால் அரசுத் தரப்புக்கு வாயடைக்கும். எனவே, அடிதடி வழக்கில் சிகிச்சையில் இருந்தவர் வீட்டில் இறந்தால் முதல் போன் ஸ்டேஷனுக்கு. எழுதிக் கொடுத்துவிட்டு, ரசீது வாங்கிக்கொண்டு, பிரேத விசாரணையும் (பி.என்.எஸ்.எஸ். 194) பரிசோதனையும் முடிந்த பிறகுதான் மற்றது. அறுக்கக் கூடாது என்று அழும் பெரியவர்களைச் சமாதானப்படுத்துவது கஷ்டம்தான். ஆனாலும் செய்தாக வேண்டும்.

இறந்ததும் போலீஸ் பிரிவை மாற்றிக் கோர்ட்டுக்கு அறிக்கை அனுப்பும். கொலை முயற்சி (பி.என்.எஸ். 109) கொலையாகும் (103), சூழ்நிலையைப் பொறுத்துக் கொலையாகாத மரணம் விளைவித்தலாகவும் (105) ஆகலாம். அடிபட்டு இத்தனை நாளுக்குள் இறந்தால்தான் கொலை என்ற காலக்கணக்கு நம் சட்டத்தில் இல்லை. நான்கு மாதம் கழித்து இறந்தாலும் அந்தக் காயம்தான் காரணம் என்று மருத்துவர் சொன்னால் போதும்.

எதிர்த்தரப்பில் இருப்பவர்களுக்கு: கொடுங்காய வழக்கில் வாங்கிய ஜாமீன் கொலை வழக்குக்குத் தானாகச் செல்லாது. சேர்க்கப்பட்ட பெரிய பிரிவுக்காகச் சரணடைந்து புதிதாக ஜாமீன் கேட்க வேண்டும்; போலீஸும் கோர்ட்டு உத்தரவு பெற்றுக் கைது செய்யலாம். பிரதீப் ராம் வழக்கில் 2019-ல் உச்ச நீதிமன்றம் இந்த நடைமுறையை வகுத்தது. பிரிவு மாறியதை அறியாமல் குறுவை அறுவடையில் நின்றவரை வயலிலிருந்தே கூட்டிப் போனதுண்டு.

இன்னொரு விஷயம் வக்கீல்களே சில சமயம் மறப்பது. காய வழக்கு முடிந்து தண்டனையும் கொடுத்தாகிவிட்டது; அதற்குப் பிறகு அடிபட்டவர் அதே காயத்தால் இறக்கிறார். ஒரே குற்றத்துக்கு இரண்டு முறை விசாரணை கூடாதே என்று கேட்பீர்கள். இங்கே கூடும். மரணம் என்ற புது விளைவு வந்ததால் மறுபடி விசாரிக்கலாம் (பழைய 300(3), புதிய 337). 

மரண வாக்குமூலம் பற்றி. மாஜிஸ்திரேட் ஆஸ்பத்திரிக்கு வந்து, நினைவோடு இருக்கிறார் என்று டாக்டர் சான்று கொடுத்து, பதிவு செய்வதே பலமானது. ஆனால் அது ஒன்றுதான் மரண வாக்குமூலம் என்பதில்லை. ஏட்டய்யா வார்டில் எழுதிக்கொண்ட புகார், மனைவியிடம் ஆம்புலன்ஸில் சொன்னது, யாராவது போனில் எடுத்த வீடியோ எல்லாம், ஆள் இறந்துவிட்டால், சாவுக்கான காரணத்தைப் பற்றியதாக இருக்கும்பட்சத்தில் சாட்சியமாகலாம் (பழைய சாட்சியச் சட்டம் 32, இப்போது பாரதிய சாக்ஷ்ய அதினியம் 26). சாகப் போகிறோம் என்று தெரிந்து சொல்லியிருக்க வேண்டும் என்ற நிபந்தனை நம் சட்டத்தில் கிடையாது. எடுத்த வீடியோவை அழிக்காதீர்கள். வாட்ஸ்அப்பில் ஊருக்கெல்லாம் அனுப்பவும் வேண்டாம். போனை அப்படியே வைத்திருந்து விசாரணை அதிகாரியிடம் சொல்லுங்கள்.

அடிபட்டவர் வேறு நோயில் இறந்தால் வழக்கு பழைய பிரிவிலேயே நடக்கும். அரசு வழக்கு என்பதால் புகார்தாரர் இல்லை என்று மூடமாட்டார்கள். ஆனால் அவர் போலீஸில் கொடுத்த வாக்குமூலத்தைச் சாட்சியமாக வைக்க முடியாது. பார்த்த சாட்சிகள் வேறு யாரும் இல்லையென்றால் வழக்கு இளைக்கும். சமரசத்துக்கு உரிய குற்றமானால் இறந்தவரின் வாரிசு கோர்ட்டு அனுமதியோடு ராஜியாகலாம் (பி.என்.எஸ்.எஸ். 359). நாட்டாமைகள் மரத்தடியில் எழுதி வாங்கும் காகிதத்துக்குக் கோர்ட்டில் மதிப்பில்லை.

விடுதலையை எதிர்த்துப் பாதிக்கப்பட்டவர் தாமே மேல்முறையீடு செய்து இடையில் இறந்தால் வாரிசுகள் தொடரலாம் என்று 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் கேம் சிங் வழக்கில் தெளிவாக்கிவிட்டது. பாதிக்கப்பட்டவர் என்ற சொல்லுக்கு உள்ளேயே சட்டபூர்வ வாரிசும் அடக்கம் என்பது இதற்கு அடிப்படை.

ஆறாம் படி: செக் வழக்குகள்

கும்பகோணம் பாத்திரக் கடைத் தெருவிலோ மன்னார்குடி நெல் மண்டியிலோ கேட்டுப் பாருங்கள், செக் வழக்கு இல்லாத வியாபாரி அபூர்வம்.

பணம் வர வேண்டியவர், அதாவது புகார்தாரர் இறந்தால்: அடுத்த வாய்தாவில் யாரும் நிற்காவிட்டால் எதிரியை, அதாவது செக் கொடுத்தவரை, விடுதலை செய்துவிட வழியிருக்கிறது (பழைய 256, புதிய 279). புதிய சட்டம் அதற்கு முன் முப்பது நாள் அவகாசம் தரச் சொல்கிறது என்பது ஒரு சின்ன ஆறுதல். வாரிசுகள் இறப்புச் சான்றோடு, வழக்கைத் தொடர்ந்து நடத்த அனுமதி கேட்டு மனுப் போட வேண்டும் (பழைய 302, புதிய 339). 1960-களிலேயே, இறந்த மகளின் புகாரைத் தாய் தொடர உச்ச நீதிமன்றம் இடம் கொடுத்தது. பவர் வாங்கிய ஆளை வைத்துப் போடாமல் வாரிசே தம் பெயரில் போடுவது நல்லது. சிங்கப்பூரில் இருக்கும் மகனைவிட ஊரில் இருக்கும் மகள் கையெழுத்து வேகமாக வரும்.

செக் கொடுத்தவர் இறந்தால்: குற்ற வழக்கு முடிந்தது. அவருடைய மனைவி மக்களைச் சிறையில் போட முடியாது, அவர்களுக்கு நோட்டீஸ் அனுப்பி 138-ஆம் பிரிவில் செக் வழக்கு ஆரம்பிக்கவும் முடியாது. ஆனால் கடன் சாகவில்லை. கெடுவுக்குள், பொதுவாக மூன்றாண்டு, சிவில் வழக்குப் போட்டு இறந்தவர் விட்டுச் சென்ற சொத்திலிருந்து வசூலிக்கலாம். குற்ற வழக்கு நடக்கிறதே என்று சிவில் வழக்குப் போடாமல் இருந்த வியாபாரி இங்கேதான் மாட்டிக்கொள்வார். கெடு தாண்டியிருக்கும்.

வாரிசுகளுக்கு ஒரு எச்சரிக்கை. கருமாதிப் பந்தலிலேயே பங்காளிகளை வைத்துக்கொண்டு "அப்பா கடனுக்கு நீ ஒரு புரோநோட்டு எழுதிக் குடு தம்பி, மானம் முக்கியம்" என்று ஆரம்பிப்பார்கள். அப்பாவின் கடனுக்கு உங்கள் பொறுப்பு அவர் சொத்து உங்களுக்கு வந்த அளவு மட்டுமே. புதிதாக நோட்டோ செக்கோ நீங்கள் எழுதிவிட்டால் அது உங்கள் கடன். செக் திரும்பினால் வழக்கும் உங்கள் மேல்தான். மொட்டைத் தலையோடு இருக்கும்போது எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள்.

ஏழாம் படி: சாட்சி, டாக்டர், ஜாமீன்தாரர்

சாட்சி கூண்டில் ஏறிக் குறுக்கு விசாரணையும் முடிந்து இறந்தால் அந்தச் சாட்சியம் நிற்கும். முதல் விசாரணை மட்டும் முடிந்து குறுக்கு விசாரணைக்கு முன் இறந்தால் அதற்கு எவ்வளவு எடை என்பது நீதிபதி கையில். பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர் இறந்திருந்தால் அவருடைய கையெழுத்தை அறிந்த வேறொரு டாக்டர் வந்து சான்றைக் கோர்ட்டில் ஆவணமாகக் குறியீடு செய்யலாம். விசாரணை அதிகாரி விஷயமும் கிட்டத்தட்ட அப்படியே. நீதிபதி மாறினாலோ இறந்தாலோ அடுத்தவர் விட்ட இடத்திலிருந்து தொடர்வார்.

ஜாமீன்தாரர் இறந்தால், பத்திரம் பறிமுதல் ஆவதற்கு முன்பே இறந்திருந்தால், அவர் சொத்துக்கு எந்தப் பொறுப்பும் இல்லை (பி.என்.எஸ்.எஸ். 491). ஜாமீனில் இருப்பவர் வேறு ஆளைக் கொண்டுவர வேண்டும். தெரிந்தும் சொல்லாமல் இருந்துவிட்டுப் பின்னால் மாட்டிக்கொள்ளாதீர்கள்.

எந்த வகையில் முடிந்தாலும் சரி, வழக்கு அற்றுப்போன உத்தரவின் சான்றிட்ட நகல் இரண்டு வாங்கிப் பட்டா, பத்திரங்களோடு வையுங்கள். பாஸ்போர்ட்டு விசாரணைக்கும் வேலைக்கும் வரும் போலீஸ்காரர் பழைய ரிஜிஸ்தரைப் பார்த்து "உங்க வீட்டு மேல கேஸ் இருக்கே" என்று கேட்கும் நாள் வரும்.

அந்தப் பாபநாசத்து அம்மாவின் காகிதக் கட்டைப் பிரித்துப் பார்த்தபோது என் கண் முதலில் தேடியது அபராதத்தைத்தான். பத்தாயிரம் ரூபாய் அபராதத்தையும் எதிர்த்து மேல்முறையீடு இருந்தது. அந்தப் பகுதி அற்றுப்போகவில்லை. அதைப் பிடித்துக்கொண்டு, சிறைத் தண்டனைப் பகுதிக்கு அவர் பெயரில் தொடர் அனுமதி மனு, பதினோரு நாள் தாமதத்துக்கு ஒரு மன்னிப்பு மனு, இரண்டையும் தஞ்சாவூர் செஷன்ஸ் கோர்ட்டில் சேர்த்துத் தாக்கல் செய்தோம். பிரமாணப் பத்திரத்தில் தாமதத்துக்குக் காரணம் எழுத வேண்டிய இடத்தில் என்ன எழுதுவது என்று குமாஸ்தா கேட்டார். "கருமாதி" என்று எழுதச் சொன்னேன். எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போயிருக்கிறது. அடுத்த வாய்தா தை பிறந்த பிறகு.